அம்மாவின் லூர்து பயணமும் மூன்று கோப்புகளும்

2022ஆம் ஆண்டு செப்டம்பரில் அப்பா, அம்மா இருவரின் பாஸ்போர்ட்டுகளும் விசா இல்லாமல் கூரியரில் திரும்பி வந்தன. உறைக்குள் ஆளுக்கொரு தாள் இருந்தது. ஒரே விசாவில் போய்வரக்கூடிய ஐரோப்பிய நாடுகளான ஷெங்கன் நாடுகள் அனைத்துக்கும் பொதுவான மறுப்புப் படிவம் அது. காரணங்கள் வரிசையாக அச்சிடப்பட்டிருக்கும், பொருந்துகிற கட்டத்தில் மட்டும் குறி இட்டு அனுப்புவார்கள். எங்கள் தாள்களில் இரண்டு கட்டங்களில் குறி இருந்தது. பயணத்தின் நோக்கத்தையும் தங்கும் ஏற்பாட்டையும் பற்றிக் கொடுத்த தகவல்கள் நம்பத்தக்கவையாக இல்லை என்பது ஒன்று. விசாக் காலம் முடிவதற்குள் இவர்கள் நாடு திரும்புவார்கள் என்பதில் நியாயமான ஐயம் இருக்கிறது என்பது மற்றொன்று. அரசு உதவி பெறும் பள்ளியில் 34 ஆண்டுகள் வேலை பார்த்துத் தலைமையாசிரியராக ஓய்வு பெற்ற அப்பா, அந்தத் தாளைக் கண்ணாடி போட்டுக்கொண்டு மூன்று முறை படித்தார். "நம்புற மாதிரி இல்லைன்னு எழுதியிருக்காங்க பாப்பா" என்று மட்டும் சொன்னார். அன்று இரவு அவர் சரியாகச் சாப்பிடவில்லை.

லூர்து போக வேண்டும் என்பது அம்மாவின் நெடுநாள் ஆசை. சிறு வயதில் தாத்தாவுடன் வில்லியனூர் லூர்து மாதா கோவிலுக்குப் போய், கோவிலுக்கு எதிரே உள்ள குளத்தில் கால் நனைத்த நாளிலிருந்தே, அந்த மாதா முதலில் காட்சி கொடுத்த இடம் பிரான்சில் எங்கோ ஒரு மலையடிவாரத்தில் இருக்கிறது என்ற எண்ணம் அவர் மனத்தில் இருந்துவந்தது. 1858ஆம் ஆண்டு பிப்ரவரி 11 அன்று பெர்னதெத் என்ற சிறுமி கண்ட காட்சியின் கதையை எங்களுக்கு அவர்தான் சொல்லி வளர்த்தார். அப்பா ஓய்வு பெற்றபின் வந்த பணத்தில் ஒரு பகுதியை அதற்கென்றே ஒதுக்கி வைத்தார். இவ்வளவு நேர்மையான ஆசைக்குப் பின்னாலிருந்த கோப்பு நம்பத்தக்கதாக இல்லாமல் போனது எப்படி என்று தெரிந்துகொள்ள, அந்த விண்ணப்பத்தைத் தயாரித்த முகவரிடம் கொடுத்த தாள்களின் நகலைக் கேட்டு வாங்கினேன். திருச்சியில் என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் பரப்பி வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தபோது எனக்கே வெட்கமாக இருந்தது.

அப்பாவின் சேமிப்புக் கணக்கில், அறிக்கை எடுத்த தேதிக்கு ஒன்பது நாள் முன்பு, ஒரே நாளில் நான்கு லட்சம் ரூபாய் வரவாகியிருந்தது. கணக்கு "வலுவாக" இருக்க வேண்டும் என்று முகவர் சொன்னதால் சித்தப்பா கைமாற்றாகக் கொடுத்த பணம் அது. தங்கும் விடுதிகளின் முன்பதிவுத் தாள்கள் இருந்தன. விண்ணப்பம் கொடுத்த மறுநாளே அவை ரத்து செய்யப்பட்டிருந்தன. முகப்புக் கடிதத்தில் அப்பா தொழில் செய்பவர் என்று எழுதியிருந்தது. முந்தைய வாடிக்கையாளர் யாருக்கோ எழுதிய கடிதத்தில் பெயரை மட்டும் மாற்றியிருக்கிறார்கள். ஓய்வூதியம் பெறும் ஓர் ஆசிரியர், எங்கிருந்து வந்தது என்று தெரியாத நான்கு லட்சத்துடன், தங்க இடமில்லாத ஊருக்கு, தொழிலதிபர் என்று சொல்லிக்கொண்டு போக விரும்புவதாக எங்கள் கோப்பு சொல்லியது. அதைப் படித்த அதிகாரியின் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. மேல்முறையீடு செய்யலாம் என்று அந்தத் தாளிலேயே இருந்தது. தவறு எங்கள் பக்கம் இருந்ததால் நாங்கள் செய்யவில்லை.

அதன்பின் 2024ஆம் ஆண்டு ஜூலையில் நாங்கள் மூவரும் சேர்ந்து மறுபடி விண்ணப்பித்தோம். இடைப்பட்ட இருபத்திரண்டு மாதங்களில் நான் கற்றுக்கொண்டதை இங்கே எழுதுகிறேன். விண்ணப்பத்தை வாங்கிக்கொள்ளும் மையம் சென்னையில் இருக்கிறது என்றாலும், முடிவெடுக்கும் அதிகாரி தூதரகத்தில் இருக்கிறார். அவர் பெரும்பாலும் நம்மைப் பார்ப்பதே இல்லை. அம்மா ஜெபமாலையை எப்படிப் பிடிப்பார் என்பதோ, அப்பா யாரிடமும் ஒரு ரூபாய் கடன் வைத்ததில்லை என்பதோ அவருக்குத் தெரிய வழியில்லை. அவர் முன் இருப்பது முப்பது நாற்பது தாள்கள். அந்தத் தாள்கள் ஒன்றோடொன்று முரண்படாமல் பேச வேண்டும். இல்லாததைச் சேர்ப்பதற்கு உழைப்பதைவிட, இருப்பதை இருக்கிறபடியே தெரியவைப்பதற்குத்தான் அதிக உழைப்பு தேவைப்பட்டது.

முதல் உழைப்பு பெயருக்கே தேவைப்பட்டது. தமிழர்களாகிய நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது. தந்தையின் பெயரின் முதலெழுத்தை முன்னால் வைத்துக்கொண்டு வாழ்நாள் முழுவதும் நிம்மதியாக இருந்துவிடுகிறோம். உலகத்துப் படிவங்களோ குடும்பப் பெயர் என்ற கட்டத்தை முதலில் வைத்துக்கொண்டு காத்திருக்கின்றன. அப்பா 2016இல் பாஸ்போர்ட் எடுத்தபோது அந்தக் கட்டத்தை வெறுமனே விட்டுவிட்டார். பான் அட்டை முன்னெழுத்தை ஏற்காது என்பதால் அதில் தாத்தாவின் பெயர் விரிந்து முன்னால் வந்து நின்றது. ஆதாரில் முன்னெழுத்து பெயருக்குப் பின்னால். வங்கிக் கணக்கிலும் ஓய்வூதியப் புத்தகத்திலும் முன்னால். ஐந்து ஆவணங்களில் ஒரே மனிதர் நான்கு பேராக இருந்தார். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டுடன் வருகை விசாவில் வருவோரை அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயர் இருந்தால் போதும் என்று பிறகு தளர்த்திவிட்டார்கள் என்றாலும், அந்தச் செய்தியைப் படித்தபின் அப்பாவின் பாஸ்போர்ட்டை அப்படியே விட எனக்கு மனம் வரவில்லை. 1,500 ரூபாய் கட்டி, தாத்தாவின் பெயரைக் குடும்பப் பெயராகச் சேர்த்து மறுவெளியீடு பெற்றோம். தாத்தா இறந்து 40 ஆண்டுகள் ஆகின்றன. புதிய பாஸ்போர்ட்டில் அவர் பெயர் தனி வரியில் முழுதாக அச்சாகியிருந்ததை அப்பா விரலால் தடவிப் பார்த்தார்.

அம்மாவின் சிக்கல் வேறு மாதிரி. பாஸ்போர்ட்டில் அவருக்குக் குடும்பப் பெயர் அப்பாவின் பெயர். ஆதாரிலும் அப்பாவின் முன்னெழுத்து. ஆனால் வத்தலக்குண்டுப் பக்கம் உள்ள தென்னந்தோப்பை அம்மாவின் அப்பா அவருக்குத் தான செட்டில்மெண்டாக எழுதிக் கொடுத்த பத்திரத்தில், பிறந்த வீட்டு முன்னெழுத்து. பெயரின் ஆங்கில எழுத்திலும் ஒரு வேறுபாடு. நம் 'த'வுக்கு ஓரிடத்தில் 'டி' மட்டும், மற்றோரிடத்தில் 'டி'யும் 'ஹெச்'சும். விண்ணப்பப் படிவம் பிறப்பின்போது இருந்த குடும்பப் பெயரையும் தனியே கேட்கிறது. அந்தக் கட்டத்தில் என்ன எழுதுவது என்று தெரியாமல் பலரும் கணவர் பெயரையே மறுபடி எழுதிவிடுகிறார்கள். அங்கே அம்மாவின் அப்பா பெயரை எழுதினேன். பிறகு, இந்த இரண்டு பெயர்களும் ஒருவரையே குறிக்கின்றன என்று நோட்டரி முன்னிலையில் அம்மா கையெழுத்திட்ட உறுதிமொழிப் பத்திரம் ஒன்றைக் கோப்பில் வைத்தேன். பொதுவாக எனக்குப் பட்டது இதுதான்: படிவத்தில் எழுதும் பெயர், பாஸ்போர்ட்டில் எழுத்துக்கு எழுத்து என்ன இருக்கிறதோ அதுவாக இருக்க வேண்டும், விமான முன்பதிவும் விடுதி முன்பதிவும் காப்பீடும் அதையே பின்பற்ற வேண்டும், மற்ற ஆவணங்களில் உள்ள வேறுபாட்டை மறைக்காமல் ஒரு தாளில் விளக்கிவிட வேண்டும்.

பாஸ்போர்ட்டைப் பற்றி மூன்று விதிகள் இருக்கின்றன. கடந்த பத்தாண்டுகளுக்குள் வழங்கப்பட்டிருக்க வேண்டும், ஷெங்கன் பகுதியிலிருந்து வெளியேறும் நாளுக்குப் பின் குறைந்தது மூன்று மாதம் செல்லத்தக்கதாக இருக்க வேண்டும், இரண்டு வெற்றுப் பக்கங்களாவது மிஞ்சியிருக்க வேண்டும். ரத்து செய்யப்பட்ட பழைய பாஸ்போர்ட்டையும் கூடவே எடுத்துப் போக வேண்டும்.

அடுத்தது பணம். இதில்தான் நம்மவர்கள் அதிகம் அஞ்சுகிறார்கள், அச்சத்தில் தவறும் செய்கிறார்கள். எவ்வளவு இருந்தால் போதும் என்று பலரும் என்னிடம் கேட்கிறார்கள். தங்குமிட முன்பதிவு உள்ள பயணிக்கு நாளொன்றுக்கு 65 யூரோ என்பது பிரான்சு வைத்திருக்கும் அளவு. நாங்கள் மூவர், பன்னிரண்டு நாள். கணக்குப் போட்டால் 2,340 யூரோ, அப்போதைய மதிப்பில் இரண்டு லட்சத்துச் சொச்சம் ரூபாய். விமானக் கட்டணமும் விடுதியும் தனி. அப்பாவிடம் இந்தப் பணம் 2022இலும் இருந்தது! வைப்புத்தொகையாக வேறொரு வங்கியில் இருந்ததை யாரும் கேட்கவும் இல்லை, அவர் சொல்லவும் இல்லை. சித்தப்பாவின் நான்கு லட்சத்துக்குத் தேவையே இருந்திருக்கவில்லை.

சித்தப்பா நல்ல மனிதர். இம்முறையும் வந்து, "ஒரு பத்து நாளைக்குப் போட்டு வைக்கிறேம்மா, பேங்க்ல நிறையா இருந்தாத்தான் அவன் மதிப்பான்" என்றார். அவரிடம் நான் கணக்கு அறிக்கையை விரித்துக் காட்டினேன். மாதம் முதல் தேதியை ஒட்டி ஓய்வூதியம் வருகிறது; ஐந்தாம் தேதிக்குள் ஒரு பகுதி எடுக்கப்படுகிறது; மின்கட்டணம், மருந்துக்கடை, பேரனுக்கு அனுப்பும் சிறு தொகை; மாத முடிவில் கொஞ்சம் மீதி. ஆறு மாதமும் இதே நடை. இந்த நடையைப் பார்ப்பவருக்கு ஒரு வயதானவரின் சீரான வாழ்க்கை தெரியும். நடுவில் ஒரு நான்கு லட்சம் விழுந்தால் அந்த நடை மறைந்து அந்த ஒரு வரிதான் தெரியும். சித்தப்பா வெகுநேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "அப்ப வேணாம்மா" என்றார்.

தோப்பு வருமானம் மட்டும் கொஞ்சம் வேலை வாங்கியது. தேங்காய் வியாபாரி பணத்தைக் கையில்தான் தருவார். அம்மா அதை அஞ்சறைப் பெட்டிக்குப் பக்கத்து டப்பாவில் வைத்துச் செலவழிப்பார். வருமானம் இருந்தது, அதற்குத் தடயம் இல்லை. 2023 தை மாதத்திலிருந்து, வெட்டு முடிந்த ஒவ்வொரு முறையும் வியாபாரியிடம் தேதி போட்டுச் சீட்டு வாங்கி, அந்த வாரத்திலேயே பணத்தை அம்மாவின் கணக்கில் செலுத்தினோம். ஒன்றரை ஆண்டில் அந்தச் சீட்டுகளும் கணக்கின் வரவுகளும் தேதி தேதியாகப் பொருந்தி நின்றன. வேளாண் வருமானத்துக்கு வருமான வரி இல்லை என்பதால் அம்மாவுக்கு வரிக் கணக்கு எதுவும் கிடையாது. அதையும் முகப்புக் கடிதத்தில் ஒரு வாக்கியத்தில் சொன்னேன். கேட்கப்படும் ஆவணம் ஒன்று நம்மிடம் இல்லையென்றால், அந்த இடத்தைக் காலியாக விடாமல் ஏன் இல்லை என்று இரண்டு வரி எழுதி வைப்பது, பொய்யான ஒன்றைத் தேடிப்போவதைவிட எவ்வளவோ மேல். விசாவுக்கான ஆவணத் தயாரிப்பு, விண்ணப்பிக்கும் மாதத்தில் தொடங்குவதில்லை; வங்கியில் பணம் கட்டும் பழக்கத்தில் தொடங்குகிறது என்று இப்போது கேட்பவர்களிடமெல்லாம் சொல்கிறேன்.

திரும்பி வருவார்களா என்ற ஐயத்துக்குப் பதில் சொல்வதற்கு, அப்பாவின் ஓய்வூதியக் கொடுப்பாணை, அம்மாவின் தோப்புக்கான பட்டாவும் சிட்டாவும், வீட்டு வரி ரசீது ஆகியவற்றை வைத்தோம். அப்பா தாய்ப் பத்திரத்தின் அசலையே எடுத்துக்கொண்டு வந்து நின்றார். அசலை ஒருபோதும் கோப்பில் கோக்கக் கூடாது. கேட்டால் காட்டக் கையில் இருக்கலாம், உள்ளே போவது ஜெராக்ஸ் மட்டும். தமிழில் உள்ள பத்திரங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டும். செட்டில்மெண்டுப் பத்திரம் முழுவதையும் மொழிபெயர்க்கச் செலவழிக்காமல், உரிமை, பரப்பு, சர்வே எண் ஆகியவை ஒரே பக்கத்தில் இருக்கும் சிட்டாவை மட்டும் மொழிபெயர்த்தேன். அதிகாரிக்கு நிலத்தின் வரலாறு தேவையில்லை, நிலம் இருக்கிறது என்பது தெரிந்தால் போதும். பெற்றோரின் திருமணத்துக்குப் பங்குக் கோவிலின் பதிவேட்டிலிருந்து சான்று வாங்கினோம். பங்குத்தந்தை பழைய பதிவேட்டைப் புரட்டி, அம்மாவின் பதினெட்டு வயதுக் கையெழுத்தைக் காட்டினார். அம்மா அதைப் பார்த்துவிட்டு வெட்கத்துடன் முந்தானையால் வாயை மூடிக்கொண்டார்.

பயணத் திட்டத்தில்தான் நானே ஒரு தவறு செய்தேன். சென்னையிலிருந்து ரோமுக்குப் போகும் விமானம் மலிவாக இருந்தது. அம்மாவுக்குப் புனித பேதுரு பேராலயத்தையும் காட்டிவிடலாம். ரோமில் நான்கு இரவு, பாரிசில் மூன்று, லூர்தில் மூன்று, மீண்டும் பாரிசில் ஓர் இரவு என்று வகுத்தேன். முதலில் இறங்கும் நாட்டிடம்தான் விசா கேட்க வேண்டும் என்று நினைத்து இத்தாலிக்கான பட்டியலை அச்சிட்டு வைத்திருந்தேன். விதி வேறு: பயணத்தின் முதன்மை நாடு எதுவோ, அதிக நாள் தங்குவது எங்கோ, அந்த நாட்டிடமே விண்ணப்பிக்க வேண்டும், நாள்கள் சமமாக இருந்தால்தான் முதலில் நுழையும் நாடு கணக்கில் வரும். எங்களுக்குப் பிரான்சில் ஏழு இரவு, இத்தாலியில் நான்கு. ஆகவே பிரான்சு. சுலபமான நாடு என்று யாரோ சொன்னதைக் கேட்டு, இரண்டு நாள் தங்கும் நாட்டிடம் விசா வாங்கிவிட்டு வேறெங்கோ பத்து நாள் சுற்றும் வழக்கம் சிலரிடம் இருக்கிறது. அது தவறு, அடுத்த முறை அவர்களுக்கே அது வினையாகவும் முடியலாம்.

இரண்டாவது தவறு, தேதி. நள்ளிரவுக்குச் சற்று முன் புறப்படும் விமானம் மறுநாள்தான் போய்ச் சேரும் என்பதை மறந்து, புறப்படும் தேதிக்கே ரோம் விடுதியைப் பதிவு செய்திருந்தேன். அப்பாதான் கண்டுபிடித்தார். விடைத்தாள் திருத்தும் சிவப்புப் பேனாவை எடுத்துக்கொண்டு, ஒரு பழைய கோடு போட்ட நோட்டில் நாள், காலை எங்கே, இரவு எங்கே, எந்தத் தாள் அதற்குச் சாட்சி என்று நான்கு பத்தி போட்டு எழுதினார். பன்னிரண்டு நாளுக்கும் பன்னிரண்டு வரி. ஒரு இரவுக்குச் சாட்சித் தாள் இல்லை என்றால் அந்த வரியில் சிவப்புப் புள்ளி. அந்தப் புள்ளிகள் எல்லாம் தீரும் வரை அவர் நோட்டை மூடவில்லை. இந்த அட்டவணையையே ஆங்கிலத்தில் தட்டச்சு செய்து பயணத் திட்டமாக வைத்தோம். பாரிசிலிருந்து லூர்துக்கு ஏறத்தாழ ஐந்து மணி நேர ரயில் பயணம் என்பதால், அந்த நாள்களில் வேறு எதையும் சேர்க்கவில்லை. எழுபதை நெருங்கும் இருவர் ஒரே நாளில் மூன்று ஊர் பார்ப்பதாக எழுதினால் யார் நம்புவார்கள்?

விடுதிகளைக் கட்டணமின்றி ரத்து செய்யும் வசதியுடன் பதிவு செய்தேன். ஆனால் முடிவு வரும் வரை ஒன்றையும் ரத்து செய்யவில்லை, உண்மையில் அவற்றிலேயே தங்கினோம். முன்பதிவுத் தாளில் பதிவு செய்தவரின் பெயர் மட்டும் இருந்தால் போதாது, தங்கும் மூவரின் பெயரும் இருக்க வேண்டும். விடுதிகளுக்கு எழுதிக் கேட்டதும் சேர்த்து அனுப்பினார்கள். விமானத்துக்குப் பணம் முழுதும் கட்டிய பயணச்சீட்டு தேவையில்லை, போக்குவரத்து முன்பதிவு போதும். விசா வருமுன் திரும்பப் பெற முடியாத சீட்டை வாங்கிவிடுவது வீண் துணிச்சல்.

பயண மருத்துவக் காப்பீடு ஷெங்கன் நாடுகள் முழுவதற்கும் பொருந்த வேண்டும். குறைந்தது 30,000 யூரோ அளவுக்கு, அவசர சிகிச்சையும் மருத்துவமனைச் செலவும் உடலை ஊருக்குக் கொண்டுவரும் செலவும் அடங்க வேண்டும். இங்கே விற்கும் காப்பீடுகள் டாலர் கணக்கில் இருப்பதால் 50,000 டாலர் திட்டத்தை எடுத்தேன். அப்பாவின் சர்க்கரை நோயை மறைக்காமல் சொல்லி எடுத்ததால் தவணை கூடுதல்தான், ஆனாலும் அந்தப் பணத்தை மிச்சம் பிடிக்க எனக்குத் தோன்றவில்லை. ஏதாவது ஆகிவிட்டால் காப்பீட்டுக்காரர்கள் முதலில் புரட்டுவது அந்தப் பக்கத்தைத்தான்.

புகைப்படம் 35க்கு 45 மில்லிமீட்டர், ஆறு மாதத்துக்குள் எடுத்தது, வெளிர் பின்னணி. எங்கள் தெரு முனை ஸ்டுடியோக்காரத் தம்பி, அம்மாவின் முகச் சுருக்கங்களையெல்லாம் கணினியில் நீக்கி, நிறத்தையும் இரண்டு படி வெளுப்பாக்கி அன்போடு கொடுத்தார். படத்தில் இருந்தது என் அம்மா இல்லை. "தம்பி, சுருக்கத்தோடயே குடுங்க" என்று கேட்டு வாங்கி வந்தேன். எல்லையில் நிற்கும் அதிகாரி அந்தப் படத்தையும் எதிரில் நிற்பவரையும் ஒப்பிடப் போகிறார்.

முகப்புக் கடிதத்தை அப்பாவே எழுதட்டும் என்று விட்டேன். முதல் வரைவு, கல்வித்துறைக்கு எழுதும் விண்ணப்பம் போல, பணிவும் வேண்டுகோளுமாக இரண்டு பக்கம் வந்தது. உட்கார்ந்து பேசிப் பேசி அதை ஒரு பக்கமாக்கினோம். நான் யார், எங்கே வேலை பார்த்து எப்போது ஓய்வு பெற்றேன். யாருடன், எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை, எந்த ஊர்களுக்குப் போகிறேன். செலவில் எதை நான் ஏற்கிறேன், எதை மகள் ஏற்கிறாள். திரும்பி வந்ததும் என்ன காத்திருக்கிறது. கடைசியில் 2022 பற்றி ஒரு பத்தி. அந்தப் பத்தியை எழுத அப்பா தயங்கினார். மறுப்பு பற்றிய பதிவு ஷெங்கன் நாடுகளின் பொது விசாத் தகவல் அமைப்பில் ஐந்தாண்டு இருக்கும் என்பதைச் சொன்னேன். அவர்களுக்குத் தெரிந்ததை நாம் மறைப்பதில் பயனில்லை என்பது ஒருபுறம், அப்பாவின் இயல்புக்கே அது ஒத்துவராது என்பது மறுபுறம். கடைசியில் அவர் எழுதினார்: முந்தைய விண்ணப்பத்தில் என் தொழில் தவறாகக் குறிப்பிடப்பட்டது, கணக்கில் இருந்த பெருந்தொகை உறவினர் தந்தது, அதை அவருக்கே திருப்பிக் கொடுத்துவிட்டேன், அவற்றைச் சரிபார்க்காமல் கையெழுத்திட்டது என் பிழை, இப்போது இணைத்துள்ளவை அனைத்தும் என்னுடையவை. அந்த நான்கு வரிகளைத் தட்டச்சு செய்தபோது எனக்குக் கண் கலங்கியது.

நான் வேலை பார்க்கும் கல்லூரியிலிருந்து விடுப்புக் கடிதம் வாங்குவது பெரிய காரியமாக இருக்காது என்று நினைத்தேன், இரண்டு முறை திருத்தி வாங்க வேண்டியதாயிற்று. தலைப்புத் தாளில், பணியில் சேர்ந்த நாள், பதவி, ஊதியம், விடுப்பு அளித்த தேதிகள், மீண்டும் பணியில் சேரும் நாள் ஆகிய ஐந்தும் இருக்க வேண்டும். அதோடு மூன்று மாதச் சம்பளச் சீட்டும் மூன்று ஆண்டு வருமான வரிக் கணக்கும். செலவில் ஒரு பகுதியை நான் ஏற்பதால் என் ஆவணங்களின் நகல் அப்பா, அம்மா கோப்புகளிலும் தனித்தனியே போக வேண்டும். ஒரு குடும்பம் ஒன்றாகப் போனாலும் ஒவ்வொருவர் கோப்பும் தனியாகவே படிக்கப்படும். "மகள் கோப்பில் இருக்கிறது" என்று விட்டுவிடக் கூடாது.

பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம், பதினைந்து நாளுக்கு முன்பாவது கொடுத்துவிட வேண்டும். நாங்கள் செப்டம்பர் கடைசிப் பயணத்துக்கு ஜூலை நடுவில் கொடுத்தோம். விசாக் கட்டணம் 2022இல் 80 யூரோவாக இருந்தது. 2024 ஜூன் 11 முதல் 90 ஆகிவிட்டது. மறுத்தாலும் அது திரும்ப வராது. 2022இல் முதல் முறை விண்ணப்ப மையத்துக்குப் போனபோது அம்மாவின் விரல் ரேகை இயந்திரத்தில் விழவே இல்லை. தோப்பிலும் அடுப்படியிலும் தேய்ந்த விரல்கள் அவை. அங்கிருந்த பெண் ஈரத்துணியால் ஒவ்வொரு விரலாகத் துடைத்து, தன் கையால் மெல்ல அழுத்திப் பிடித்து, ஏழாவது முறை பதிவு செய்தார். 59 மாதத்துக்குள் எடுத்த ரேகையை மறுபடி பயன்படுத்தலாம் என்பது விதி. இம்முறை என் ரேகையை மட்டும் எடுத்தார்கள்.

முடிவு சொல்ல பதினைந்து நாள் என்பது பொது விதி, தேவைப்பட்டால் நாற்பத்தைந்து நாள் வரை நீளலாம். எங்களுக்குப் பதினோராவது நாள் பாஸ்போர்ட்டுகள் வந்தன. உறையைப் பிரித்ததும் விசா ஒட்டுவில்லையில் பெயர், பாஸ்போர்ட் எண், தேதிகள் ஆகியவற்றைச் சரிபார்த்தோம். எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை என்பது ஒன்று, அதற்குள் தங்க அனுமதித்த நாள் எண்ணிக்கை மற்றொன்று. இரண்டு தேதிகளுக்கு இடையில் இருபத்தேழு நாள் இருந்தாலும் தங்க அனுமதி பன்னிரண்டு நாளுக்கே. பயணம் தள்ளிப்போனால் என்ன செய்வது என்பதற்காகக் கொடுக்கும் பதினைந்து நாள் அவகாசம் அது. அதைத் தங்கும் உரிமை என்று எண்ணிக்கொண்டு கூடுதலாகத் தங்கிவிட்டவர்களும் உண்டு.

விசா இருந்தாலும் எல்லையில் ஆவணம் கேட்கலாம் என்பதால், மூன்று கோப்புகளின் நகலையும் கைப்பையில் எடுத்துச் சென்றோம். ரோமில் குடிவரவு அதிகாரி அப்பாவின் பாஸ்போர்ட்டைப் புரட்டிவிட்டு, பிரான்சு விசாவுடன் ஏன் இங்கே இறங்கினீர்கள், எங்கே தங்குகிறீர்கள் என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் அப்பா தன் நான்கு பத்தி அட்டவணையை முன்வைத்து, ரோமில் நான்கு, பிரான்சில் ஏழு என்று விரலால் காட்டி, விடுதித் தாளையும் திரும்பும் பயணச்சீட்டையும் வரிசையாக எடுத்துக் கொடுத்தார். அதிகாரி அவற்றைப் பார்த்துவிட்டு முத்திரை குத்தினார். பின்னால் நின்றிருந்த அம்மா, தன் கோப்பை நெஞ்சோடு அணைத்தபடி, கண்ணாடிக் கூண்டை நோக்கி நடந்தார்.